முத்திரைத் தீர்வை கூடுதலாகக் கேட்டுக் கடிதம் வந்தால்

மீளக்குடியமர்ந்து, காணி வாங்கி, உறுதியும் முடித்த சில குடும்பங்களுக்கு மாதங்கள் கழித்து ஒரு கடிதம் வருகிறது. உறுதியில் காட்டிய பெறுமதி குறைவு, மீதித் தீர்வையைச் செலுத்த வேண்டும் என்று அதில் எழுதியிருக்கும். இதற்காக அவசரப்பட்டு நகையை அடகு வைக்க வேண்டாம். கடிதத்தை மடித்து வைத்து மறந்துவிடவும் வேண்டாம். மேன்முறையீடு செய்யும் உரிமை உங்களுக்கு உண்டு.

ஏன் இந்தக் கடிதம் வருகிறது?

காணி கைமாறும்போது அறவிடப்படும் முத்திரைத் தீர்வை மாகாண சபைக்கு உரியது. விற்பனை உறுதிக்கு முதல் ஒரு இலட்சம் ரூபாவுக்கு 3 சதவீதம், மிகுதிக்கு 4 சதவீதம். நீங்கள் கொடுத்த விலையை மட்டும் வைத்து இது கணக்கிடப்படுவதில்லை. உறுதி எழுதிய நாளில் காணியின் சந்தைப் பெறுமதி என்ன என்பதே அடிப்படை.

உதாரணமாக, 6 இலட்சம் ரூபாவுக்கு எழுதிய உறுதிக்குத் தீர்வை 23,000 ரூபா. மாகாண இறைவரித் திணைக்களம் அக்காணியை 10 இலட்சம் என மதித்தால் தீர்வை 39,000 ரூபா. வித்தியாசமான 16,000 ரூபாவையே கேட்கிறார்கள். தண்டப்பணமும் சேர்க்கப்படலாம்.

எதை நிரூபிக்க வேண்டும்?

"நாங்கள் இடம்பெயர்ந்தவர்கள், வசதியில்லை" என்று மட்டும் எழுதினால் பெறுமதி குறையாது. உறுதி எழுதிய நாளில் காணி எந்த நிலையில் இருந்தது என்பதைக் காட்டுங்கள். காணியைப் பார்க்க வருபவரின் கண்ணில் படுவது இன்றைய வீடும் கிணறும் வேலியும்தான். நீங்கள் வாங்கும்போது அது இடிந்த சுவரும் பற்றைக்காடுமாக இருந்திருக்கலாம். வீட்டுத்திட்டத்தில் பின்னர் கட்டிய வீட்டின் பெறுமதி கணக்கில் சேர்ந்திருந்தால், அதுவே உங்கள் வலுவான நியாயம்.

சேர்க்க வேண்டிய ஆவணங்கள்

• உறுதி, தீர்வை செலுத்திய பற்றுச்சீட்டு, நில அளவை வரைபடம், வந்த அறிவித்தல் ஆகியவற்றின் பிரதிகள்.
• வாங்கிய காலத்தில் வீடு சேதமடைந்திருந்தது, கிணறு தூர்ந்திருந்தது, பாதை இல்லை, மாரியில் வெள்ளம் நிற்கும் போன்ற விபரங்களுடன் கிராம அலுவலரின் கடிதம்.
• வீடு பின்னர் கட்டப்பட்டதைத் திகதியுடன் காட்டும் வீட்டுத்திட்ட ஒப்பந்தம், கொடுப்பனவுப் பதிவுகள், பழைய புகைப்படங்கள்.
• அதே காலத்தில் அயலில் விற்கப்பட்ட காணிகளின் உறுதிப் பிரதிகள். இவற்றைக் காணிப் பதிவகத்தில் கட்டணம் செலுத்திப் பெறலாம்.

விலைமதிப்பாளரின் அறிக்கையும் உதவும். ஆனால் அதற்கான செலவு, கேட்கப்படும் தொகையைவிடக் கூடுமா என்று முதலில் பாருங்கள்.

செய்ய வேண்டியவை

1. கடிதம் கிடைத்த திகதியை அதன் மேலேயே எழுதி, கடித உறையையும் பத்திரப்படுத்துங்கள். மேன்முறையீட்டுக் காலம் பொதுவாக 30 நாட்கள். அறிவித்தலில் உள்ள திகதியையும் கவனியுங்கள்.
2. உறுதியை எழுதிய நொத்தாரிசிடம் அறிவித்தலைக் காட்டுங்கள்.
3. மாகாண இறைவரி ஆணையாளருக்கு எழுத்தில் மேன்முறையீடு செய்யுங்கள். அறிவித்தல் இலக்கம், உறுதி இலக்கம், நீங்கள் ஏற்கும் பெறுமதி, அதற்கான காரணங்கள் ஆகியவற்றைக் குறிப்பிடுங்கள். தமிழிலேயே எழுதலாம்.
4. பதிவுத் தபாலில் அனுப்புங்கள், அல்லது நேரில் கொடுத்துப் பிரதியில் முத்திரையும் திகதியும் பெறுங்கள்.
5. தீர்ப்பு வரும்வரை கொடுப்பனவை ஒத்திவைக்க முடியுமா எனக் கேட்டு, பதிலை எழுத்தில் வாங்குங்கள்.

மேலே சொன்ன உதாரணத்தில் பெறுமதி 7 இலட்சம் மட்டுமே என ஏற்கப்பட்டால், செலுத்த வேண்டிய மீதி 4,000 ரூபாதான்.

இரண்டு எச்சரிக்கைகள்

தீர்வையைக் குறைக்க, கொடுத்த விலையைவிடக் குறைத்து உறுதி எழுதுவிக்காதீர்கள். பின்னர் மேன்முறையீட்டில் உங்கள் சொல்லுக்கு வலு இருக்காது.

உறுதியில் நலன்புரி நிலையத்தின் அல்லது உறவினர் வீட்டின் முகவரி இருந்தால், அறிவித்தல் அங்கேயே போகலாம். காலமும் அங்கேயே கடந்துவிடும். புதிய முகவரியைத் திணைக்களத்துக்கு இன்றே எழுத்தில் அறிவியுங்கள்.

சட்டத்தரணிக்குக் கொடுக்க வசதியில்லாதவர்கள், இந்த ஆவணங்களுடன் தமது மாவட்டத்திலுள்ள சட்ட உதவி ஆணைக்குழுவின் அலுவலகத்தை நாடலாம்.