பாளயத்துக்குப் புறம்பே போன ஆசாரியன்

வேதபாடம்: லேவியராகமம் 14:1–32

லேவியராகமம் வந்தாலே, "ஆடு, குருவி, ரத்தம்... இதெல்லாம் நமக்கெதுக்கு?"ன்னு பக்கத்தைப் புரட்டிவிடுகிறோம். பழைய சடங்கை வாசிக்கும்போது மூன்று கேள்வி கேளுங்கள்: யார் செய்தது? எப்போது? முடிவு என்ன? குஷ்டரோகியின் சுத்திகரிப்பை இப்படி ஆராய்வோம்.

முதலாவது ஒரு விளக்கம். 'குஷ்டரோகம்' என்பதற்கு எபிரெய வார்த்தை 'சாராத்'. அது துணியிலும் (13:47) வீட்டுச் சுவரிலும் (14:37) உண்டாயிற்று. ஆகவே இன்றைய தொழுநோயும் அதுவும் ஒன்றென்று சொல்லிவிட முடியாது.

1. யார்? ஆசாரியன். ரோகி உள்ளே வரக்கூடாது; ஆகவே ஆசாரியனே பாளயத்துக்கு வெளியே போகிறான் (14:3).

2. எப்போது? வியாதி நீங்கின பின்பு! அவன் சொஸ்தமானதைக் கண்ட பிறகே இரண்டு குருவிகளும் கேதுருக் கட்டையும் ஈசோப்பும் வருகின்றன. மண்பாத்திரத்திலிருந்தது ஊற்றுநீர், எபிரெயத்தில் 'ஜீவனுள்ள தண்ணீர்', அதாவது ஓடுகிற நீர். சாரல் காலத்தில் ஐந்தருவியில் தலைகொடுத்து நின்ற தென்காசிக்காரருக்கு, குளத்துத் தண்ணிக்கும் அருவித் தண்ணிக்கும் வித்தியாசம் சொல்லித்தர வேண்டியதில்லை. ஆனாலும் அந்த நீர் மருந்தல்ல. ஏற்கெனவே சுகமானவனை ஜனங்களுக்கு அடையாளம் காட்டிற்று, அவ்வளவுதான். ஜெபித்த எண்ணெயையும் தண்ணீரையும் மந்திரம்போல நினைக்கிறவர்கள் இதைக் கவனிக்கக்கடவர்கள்.

3. முடிவு என்ன? எட்டாம் நாளில் அவனுடைய வலது காதுமடல், வலதுகைப் பெருவிரல், வலதுகால் பெருவிரல் ஆகியவற்றில் இரத்தமும் பிறகு எண்ணெயும் பூசப்பட்டன (14:14,17). ஆரோனைப் பிரதிஷ்டை பண்ணினபோது இரத்தம் பூசினதும் இதே மூன்று இடங்களில்தான் (8:23). நேற்றுவரை ஒதுங்கி நின்றவனுக்கு ஆசாரியனுக்குரிய மரியாதை! ஏழையானால் ஒரு ஆட்டுக்குட்டியும் இரண்டு புறாக்களும் போதும் (14:21,22). காசில்லை என்று யாரும் வெளியே நிற்கக்கூடாது.

ஆம், அந்தச் சடங்கு மனுஷனைத் திரும்பச் சேர்த்துக்கொள்ளுகிற சடங்கு. நம் சபையில் நடப்பது என்ன?

தொழுநோய்க்கு உலக சுகாதார நிறுவனம் 1981ல் கூட்டு மருந்துச் சிகிச்சையைப் பரிந்துரைத்தது. அரசு மருத்துவமனைகளில் அது இலவசம். ஆறு மாதமோ ஒரு வருஷமோ ஒழுங்காகச் சாப்பிட்டால் குணமாகிறது. தொழுநோயைக் காட்டி விவாகரத்து கேட்கும் விதியும் 2019ல் நீக்கப்பட்டது. கிறிஸ்தவர்களுக்கான 1869ம் வருஷச் சட்டத்திலும் அது இல்லை. சட்டமே திருந்திவிட்டது. ஆனால் சுகமாகியும் விரல் மடங்கிப்போன ஒரு சகோதரி திருவிருந்துப் பாத்திரத்தைத் தொட்டால், பக்கத்திலிருப்பவர் முகம் ஏன் மாறவேண்டும்?

நம் ஆண்டவர் குஷ்டரோகியைத் தொட்டார், பிறகே ஆசாரியனிடத்துக்கு அனுப்பினார் (மாற். 1:41–44). அவரே நகர வாசலுக்குப் புறம்பே பாடுபட்டார் (எபி. 13:12). அப்படியானால் நாமும் வெளியே நிற்கிறவரிடத்துக்குப் போய், கையைப் பிடித்து அழைத்துவருவோம். கர்த்தர்தாமே அந்தக் கிருபையை நமக்குத் தருவாராக. ஆமென்.