கல்லாக மாறும் மாயச் சாந்து



மாயாஜாலக் கதைகளில் வரும் கொத்தனார்களை நாம் அறிவோம். அவர்கள் குழைக்கும் சாந்து ஒரே இரவில் கல்லாகும். விரிசல் கண்டால் தானே மூடிக்கொள்ளும். கண்ணாடியைப் போல் ஒளிவீசும். அத்தகைய சாந்து கதையில் மட்டுந்தான் உண்டோ? இல்லை. அதன் மூலப்பொருள் நம் பாட்டிமாரின் வெற்றிலைப் பெட்டியிலேயே இருக்கிறது. அதுவே சுண்ணாம்பு.

சுண்ணாம்புக்கல், சிப்பி, கிளிஞ்சல், பவளப்பாறை ஆகியவை தோற்றத்தில் வேறானவை. ஆயினும் இவை பெரும்பாலும் கால்சியம் கார்பனேட் என்னும் ஒரே பொருளால் ஆனவை. இவற்றைக் காளவாயில் இட்டு, ஏறத்தாழ 900 டிகிரி செல்சியஸ் வெப்பத்தில் சுடுவர். அப்போது கரியமில வாயு பிரிந்து வெளியேறும். தூய சுண்ணாம்புக்கல் 100 கிலோவைச் சுட்டால் 56 கிலோ சுண்ணாம்பே எஞ்சும். மீதி 44 கிலோ வாயுவாகிக் காற்றில் கலந்துவிடும்.

இச்சுட்ட சுண்ணாம்பின்மீது நீர் ஊற்றினால், அது சீறிக் கொதித்து மாவாக உதிரும். இதனை நீற்றுதல் என்பர். நீற்றிய சுண்ணாம்பைக் குழைத்துச் சுவரில் பூசினால், அது நீரை இழந்து, காற்றிலுள்ள கரியமில வாயுவை மெல்ல மெல்ல ஏற்கிறது. நெருப்பில் இழந்ததைக் காற்றிலிருந்து மீண்டும் பெற்றுப் பழையபடி கல்லாகிறது. ஆனால், கதையில் வருவதுபோல் இஃது ஓர் இரவில் நிகழ்வதன்று. பூச்சின் கனத்திற்கேற்ப மாதங்களும் ஆண்டுகளும் ஆகும்.

இதனை நாமே சோதித்துப் பார்க்கலாம். ஒரு குவளை நீரில் சிறிது வெற்றிலைச் சுண்ணாம்பைக் கலக்கித் தெளியவிடுவோம். தெளிந்த நீரை வேறொரு குவளையில் இறுத்து, உறிஞ்சுகுழல் வழியாக மெதுவாக ஊதுவோம். நம் மூச்சிலுள்ள கரியமில வாயு பட்டதும் நீர் பால்போல் வெளுக்கும். அவ்வெண்மை நுண்ணிய கல்துகள்களே! ஆசிரியர் முன்னிலையில் மட்டுமே இதனைச் செய்தல் வேண்டும். நீரை உறிஞ்சுதல் கூடாது, கண்ணிலும் படலாகாது.

இச்சாந்தின் சிறப்பைச் சிங்கப்பூரிலுள்ள செயின்ட் ஆண்ட்ரூஸ் தேவாலயத்தில் காணலாம். ரொனால்டு மெக்பெர்சன் வரைந்த திட்டப்படி 1856-ஆம் ஆண்டில் அடிக்கல் நாட்டப்பெற்றது. 1861-இல் அங்கு முதல் வழிபாடு நடந்தது. அதன் உட்சுவர்களுக்குப் பூசப்பட்டது 'மெட்ராஸ் சுனாம்' என்னும் சாந்து. நம் 'சுண்ணம்' என்ற சொல்லே ஆங்கிலேயர் நாவில் அவ்வாறு திரிந்தது.

அதன் செய்முறையை மெக்நேர் என்னும் அதிகாரி 1899-ஆம் ஆண்டில் வெளிவந்த தம் நூலில் குறித்துள்ளார். மணல் சேராத கிளிஞ்சல் சுண்ணாம்பு, முட்டையின் வெண்கரு, நாட்டுச் சர்க்கரை ஆகியவற்றை நன்கு அடித்துக் கூழாக்கி, தேங்காய் மட்டை ஊறிய நீரைச் சேர்த்தனர். பூச்சு காய்ந்தபின் படிகக் கல்லாலும் உருண்டைக் கற்களாலும் தேய்த்து, மாக்கல் தூள் தூவி மெருகேற்றினர். சுவர் பளிங்குபோல் மின்னியது.

அவ்வாறு தேய்த்த கைகள் யாருடையவை? இந்தியாவிலிருந்து நாடுகடத்தப்பட்ட கைதிகளுடையவை. சென்னை, வங்காளம், பம்பாய் ஆகிய பகுதிகளிலிருந்து வந்த அவர்கள், 1825 முதல் 1873 வரை சிங்கப்பூரில் சாலை அமைத்தனர், சதுப்பு நிலத்தைத் திருத்தினர், கட்டடங்களை எழுப்பினர். சிறையிலேயே செங்கல் அறுக்கவும் சுண்ணாம்பு சுடவும் கல் கொத்தவும் கற்றுத் தேர்ந்தனர். 1869-இல் கட்டி முடிக்கப்பெற்ற ஆளுநர் மாளிகையும் அவர்தம் உழைப்பால் எழுந்ததே. இன்று அதுவே சிங்கப்பூர் அதிபரின் இஸ்தானா மாளிகை.

விரிசலைத் தானே மூடும் சாந்தும் உண்மையிலேயே உண்டு. பழைய ரோமானியர் எழுப்பிய சுண்ணாம்புக் காங்கிரீட்டு, ஏறக்குறைய 1,900 ஆண்டுகளாகப் பாந்தியன் கோவிலின் குவிமாடத்தைத் தாங்கி நிற்கிறது. அக்காலக் காங்கிரீட்டில் வெள்ளைச் சுண்ணாம்புக் கட்டிகள் காணப்படுகின்றன. அவை கலவை சரியாகக் கலக்கப்படாததன் அடையாளம் என்று பலர் எண்ணினர். ஆனால், விரிசல் வழியே நீர் புகும்போது அக்கட்டிகள் கரைந்து, மீண்டும் கல்லாகி விரிசலை அடைக்கின்றன என்று 2023-ஆம் ஆண்டில் அமெரிக்க, ஐரோப்பிய ஆய்வாளர்கள் விளக்கினர். அம்முறையில் அவர்கள் செய்த காங்கிரீட்டில் விரிசல் இரண்டே வாரங்களில் அடைபட்டது. குறை எனக் கருதப்பட்டதே வலிமையாயிற்று!

அன்புச் செல்வங்களே, மாயம் என்று நாம் வியப்பது நெருப்பு, நீர், காற்று, உழைப்பு ஆகிய நான்கின் கூட்டே. திட்டம் வரைந்தவரின் பெயரை வரலாறு எழுதி வைத்தது. சாந்து குழைத்தவரோ பெயரின்றி மறைந்தனர். ஆயினும் அவர்தம் கைத்திறன் கட்டடமாய் நிலைத்து நிற்கிறது. பால்மரம் சீவும் கையும், செம்பனைக் குலை அறுக்கும் கையும், சுவர் பூசும் கையும் அத்தகையனவே. பெரிய கட்டடம் ஒன்றைக் காணும்போது, "கட்டியவர் யார்?" என்று கேட்டறிவோம். உழைப்பவரை மதிக்கக் கற்பதும் கல்வியே ஆகும்.