கோல்கீப்பர் சட்டை ஏன் கடைக்கு வரலை?



கால்பந்தில் பத்துப் பேர் ஓடி ஆடுவாங்க. கோல்கீப்பர் மட்டும் கம்பங்களுக்கு நடுவே நிற்கணும். பத்துப் பந்தைத் தடுத்தாலும், விட்ட ஒண்ணைத்தான் ஊர் பேசும். நம்ம வீட்டு வேலை மாதிரிதான்!

இங்கிலாந்தின் மேரி ஏர்ப்ஸ் 1993-இல் பிறந்தவர். பெண்கள் கால்பந்தில் அப்போது வருமானம் குறைவு. எனவே விளையாடிக்கொண்டே படித்து, 2016-இல் பட்டம் பெற்றார். இது புத்திசாலித்தனம். 2019-இல் மான்செஸ்டர் யுனைடெட்டில் சேர்ந்தார். ஆனால் நாட்டு அணியில் ஏறக்குறைய இரண்டு வருஷம் இடமில்லை. ஆட்டத்தையே விட்டுடலாமா என்றும் யோசித்திருக்கிறார். 2021-இல் புதிய பயிற்சியாளர் சரீனா வீக்மன் வந்து அழைத்தார். மறுவருஷம் ஐரோப்பியக் கோப்பை இங்கிலாந்துக்கு!

2023 உலகக் கோப்பை சமயம் ஒரு விஷயம் வெளியே வந்தது. மற்ற வீராங்கனைகளின் சட்டை கடையில் கிடைத்தது. கோல்கீப்பர் சட்டையை நைக்கி விற்பனைக்கே விடவில்லை. வாங்க ஆளில்லை என்று முன்கூட்டியே முடிவு கட்டிட்டாங்க போல. மேரி சும்மா இருக்கலை, வெளிப்படையாகக் கேட்டார். இறுதி ஆட்டத்தில் ஸ்பெயினின் பெனால்டியைத் தடுத்தார். அணி 0-1 எனத் தோற்றாலும், சிறந்த கோல்கீப்பர் விருது அவருக்கே. 1,50,000 பேருக்கு மேல் மனுவில் கையெழுத்திட்டாங்க. கொஞ்சம் சட்டைகள் விற்பனைக்கு வந்தன, வந்த வேகத்தில் தீர்ந்தும் போயின.

2025 மே மாதம், 53 ஆட்டங்களோடு நாட்டு அணியிலிருந்து ஓய்வு பெற்றார்.

குழுக் கூட்டத்தில் பேச: "இதை யார் வாங்குவா?" என்று கேட்டுப் பார்க்காமலே நாம் ஒதுக்கிய பொருள் எது?