கக்கத்தில் நசுங்கும் நரம்பு

"டாக்டர், அப்பாவுக்கு வலது கை விழுந்துபோச்சு... பக்கவாதம்தானே?" மகன் பதறினார். கூட வந்த அம்மா வாயே திறக்கவில்லை.

பெரியவருக்கு 68 வயது. பாத்ரூமில் வழுக்கி இடது கால் எலும்பு முறிந்து, மாவுக்கட்டோடு ஆறு வாரமாகக் கட்டை ஊன்றி நடக்கிறார். பேச்சில் குழறல் இல்லை. சிரிக்கச் சொன்னேன்; வாய் கோணவில்லை. வலது மணிக்கட்டு மட்டும் தொங்கிக் கிடந்தது. விரல்களை நிமிர்த்த முடியவில்லை. என் கையை அழுத்தச் சொன்னால் பிடியே இல்லை. அவர் மணிக்கட்டை நானே நிமிர்த்திப் பிடித்துக்கொண்டு, "இப்ப அழுத்துங்க ஐயா" என்றேன். நல்ல பிடி!

உங்கள் மணிக்கட்டை முழுவதும் கீழே மடக்கிக்கொண்டு முஷ்டி பிடித்துப் பாருங்கள். பலம் வராது. அவருக்கும் அதுதான். பிடிக்கும் நரம்பு நன்றாக இருக்கிறது. நிமிர்த்தும் நரம்புதான் வேலைநிறுத்தம். முழங்கையை நீட்டுவதிலும் பலம் குறைந்திருந்தது. அப்படியானால் நரம்பு அடிபட்ட இடம் கைக்குக் கீழே அல்ல, மேலே கக்கத்தில்!

கழுத்தில் 5 முதல் 8 வரையிலான நரம்பு வேர்களும், மார்பின் முதல் நரம்பு வேரும் பின்னிப் பிணைந்து, காறை எலும்புக்கும் முதல் விலா எலும்புக்கும் நடுவே நுழைந்து கக்கத்துக்கு வருகின்றன. கையின் பெரிய ரத்தக் குழாயும் அங்கேதான். கொழுப்பும் தோலும் தவிர அங்கே பெரிய காவல் கிடையாது. பின்சுவரை ஒட்டி இறங்கி, மேல்கை எலும்பைச் சுற்றிக்கொண்டு போகும் நரம்புதான் மணிக்கட்டையும் விரல்களையும் நிமிர்த்துகிறது. கட்டையின் மேல்முனை அழுத்துவது சரியாக இதன் மேல்.

"கட்டை எங்கே வாங்கினீங்க?" என்று கேட்டேன். வாங்கவில்லையாம். பெரியப்பா உபயோகித்தது, பரணில் கிடந்ததாம். பெரியப்பா நல்ல உயரம்! நம் வீடுகளில் இது சகஜம்தான். கட்டை நன்றாக இருக்கிறதா என்று பார்ப்போமே தவிர, உயரத்தைப் பார்க்க மாட்டோம்.

நிமிர்ந்து நிற்கும்போது கட்டையின் மேல்முனைக்கும் கக்கத்துக்கும் இடையே மூன்று விரல் இடைவெளி வேண்டும். கைப்பிடி மணிக்கட்டு உயரத்தில் இருந்தால், பிடிக்கும்போது முழங்கை லேசாக மடங்கும். பாரம் உள்ளங்கையில் இறங்க வேண்டும். மேல்முனை விலாவை ஒட்டி நிற்கத்தான், உடம்பைத் தொங்கவிட அல்ல. பஞ்சு சுற்றிவிட்டால் போதும் என்று நினைக்காதீர்கள். பஞ்சு தோலைத்தான் காப்பாற்றும். நாற்காலி முதுகின்மேல் கையைத் தொங்கவிட்டுத் தூங்குகிறவர்களுக்கும் இதே தொல்லை வரும்.

கக்கத்தின் பின்பக்கம் இரண்டு தசைகள், மேல்கையின் பின்சதை, எலும்பு ஆகிய நான்கும் சேர்ந்து ஒரு சின்ன சதுர ஜன்னல் மாதிரி சந்து உண்டு. தோளைத் தொப்பி போல மூடியிருக்கும் தசைக்கான நரம்பு அதன் வழியே போகிறது. தோள்மூட்டு நழுவினால் இந்த நரம்பு இழுபடலாம். இதில் நானே ஒருமுறை ஏமாந்தேன். தொழிலுக்கு வந்த புதிதில், தோள் நழுவிச் சரிசெய்துகொண்டு வந்த ஒரு அம்மாவுக்குக் கை தூக்க முடியவில்லை. கும்பவாதம் என்று முடிவுகட்டி ஒரு மாதம் தைலம் போட்டேன். தோளுக்குக் கீழே வெளிப்பக்கம் தொட்டுப் பார்த்திருந்தால் அன்றைக்கே தெரிந்திருக்கும். உள்ளங்கை அகலத்துக்கு அவருக்கு உணர்ச்சியே இல்லை. இப்போதெல்லாம் தோள் வலி என்று யார் வந்தாலும் முதலில் அந்த இடத்தைத் தொட்டுப் பார்க்காமல் விடுவதில்லை.

பெரியவருக்கு முதல் வைத்தியம், கட்டையை மாற்றியது. அழுத்தம் நீங்காமல் எந்த மருந்தும் பலிக்காது. மணிக்கட்டு தொங்காமல் இருக்கத் தாங்கு பட்டை. மூட்டு இறுகாமலிருக்க விரல்களை மறுகையால் தினமும் நிமிர்த்திவிடுவது. உளுந்துத் தைலம் முன்கையில் இதமாகத் தடவலாம். கக்கத்தில் அழுத்தித் தேய்க்கவே கூடாது. மரத்த இடத்தில் சூடான ஒத்தடமும் வேண்டாம், வெந்துபோனாலும் தெரியாது. கூடவே நரம்பியல் டாக்டரிடமும் அனுப்பினேன். மூன்று வாரம் கழித்துச் செய்யும் நரம்பு, தசைப் பரிசோதனையில் சேதம் எவ்வளவு என்று ஓரளவு தெரியும்.

நரம்பின் உறை மட்டும் நசுங்கியிருந்தால் சில வாரங்களில், அல்லது இரண்டு மூன்று மாதத்தில் பெரும்பாலும் சரியாகிவிடும். உள்ளிழையே அறுந்திருந்தால் நாளுக்கு ஏறக்குறைய 1 மில்லிமீட்டர்தான் வளரும். கக்கத்திலிருந்து முன்கைக்கு ஓரடி என்றால் பத்து மாதம்! அவசரப்பட்டு வைத்தியரை மாற்றிக்கொண்டே இருப்பவர்கள் இந்தக் கணக்கைப் போட்டுப் பார்ப்பதில்லை.

ஒரு விஷயம். நான் செய்த சோதனையை வைத்து நீங்களாகவே முடிவுக்கு வந்துவிடாதீர்கள். கை திடீரென்று விழுந்தால், வாய் கோணினால், பேச்சு குழறினால் உடனே 108-ஐக் கூப்பிடுங்கள். பக்கவாதத்தில் ரத்தக்கட்டியைக் கரைக்கும் ஊசிக்குப் பொதுவாக நாலரை மணி நேரம்தான் அவகாசம். கக்கத்தில் கட்டி தட்டுப்பட்டாலும் தைலம் தேய்த்துக்கொண்டு காத்திருக்காமல் டாக்டரிடம் காட்டுங்கள்.

பெரியவருக்கு ஒன்பதாவது வாரம் மணிக்கட்டு நிமிர்ந்தது. கட்டைவிரல்தான் கடைசியாக வந்தது. பழைய கட்டையை மறுபடி பரணில் ஏற்றிவிட்டார்களாம். "அதை வேறு யாருக்காவது கொடுக்கும்போது உயரத்தைப் பார்த்துக் கொடுங்கம்மா" என்று சொல்லி அனுப்பினேன்.