எலும்புகள் 206தானா?

நம்பிக்கை: மனித உடலில் சரியாக 206 எலும்புகள். கூடினாலும் குறைந்தாலும் ஏதோ கோளாறு.

உண்மை: 206 என்பது வளர்ந்த உடலை எண்ணுவதற்கு உடற்கூறியலார் வகுத்துக்கொண்ட கணக்கு. பிறந்த குழந்தைக்கு ஏறத்தாழ 270 இருக்கும். வளர வளரப் பல கூடி ஒன்றாகும். இடுப்பெலும்பு பக்கத்துக்கு மூன்று துண்டாக இருந்து பதின்பருவத்தில் சேர்கிறது. காறை எலும்பின் மார்புப்பக்க முனை ஒட்டி முடிய இருபதுகளின் பிற்பகுதிகூட ஆகலாம். பள்ளியில் இந்த எண்ணை மனப்பாடம் செய்யும் பிள்ளையின் உடம்பு இன்னும் 206க்கு வந்திருக்காது.

சரி, வளர்ந்தவருக்காவது பொருந்துமா? எண்ணும் முறையைப் பாருங்கள். முதுகின் அடியில் ஐந்து முள்ளெலும்புகள் சேர்ந்த திரிகத்தை ஒன்றாக எண்ணுகிறோம். மண்டையோட்டின் எலும்புகள் முதுமையில் சேர்ந்துபோனாலும் தனித்தனியாகவே எண்ணுகிறோம். தசைநாணுக்குள் உருவாகும் முழங்கால் சில்லுக்குக் கணக்கில் இடம் உண்டு. அதே வகையில் கால் பெருவிரலின் அடியில் அநேகமாக எல்லோருக்கும் இருக்கும் இரண்டு சிறு எலும்புகளுக்கு இடமில்லை. இது இயற்கையின் விதியல்ல, நாம் செய்துகொண்ட ஏற்பாடு. பழங்காலத்தவரும் அப்படித்தான் செய்தார்கள். சரக சம்ஹிதை 360 என்கிறது, சுஸ்ருத சம்ஹிதை 300 என்கிறது. பல்லையும் குருத்தெலும்பையும் சேர்த்தால் எண் ஏறத்தானே செய்யும்? அவர்களுக்கு எண்ணத் தெரியவில்லை என்று சிரிப்பவர்கள், எதையெல்லாம் எண்ணினார்கள் என்று பார்ப்பதில்லை.

கூடுதல் எலும்பெல்லாம் அபூர்வம், அதற்காகப் பாடத்தை மாற்றுவதா என்று கேட்கலாம். அத்தனை அபூர்வமில்லை. முழங்காலின் பின்புறம் சிலருக்கு உள்ள ஃபாபெல்லா என்ற சிற்றெலும்பு, கடந்த நூறாண்டில் முன்னைவிட அதிகம் பேரிடம் காணப்படுகிறது என்று லண்டன் இம்பீரியல் கல்லூரி ஆய்வாளர்கள் 2019இல் தெரிவித்தார்கள். கழுத்தில் கூடுதல் விலா எலும்போடு பிறப்பவர்களும் உண்டு. அது நரம்பையோ இரத்தக்குழாயையோ அழுத்தினால்தான் தொல்லை, இல்லையேல் எக்ஸ்ரே எடுக்கும்வரை அவர்களுக்கே தெரியாது. (ஆணுக்குப் பெண்ணைவிட ஒரு விலா குறைவு என்பதும் பொய், இருவருக்கும் வழக்கமாக 24தான்.)

ஒரு பொது எண் வேண்டாமா என்பது நியாயமான கேள்வி. வேண்டும், ஒரே பட்டியல் இல்லாமல் மருத்துவர்கள் தங்களுக்குள் பேசிக்கொள்ள முடியாது. ஆனால் பட்டியலை உடம்பென்று எடுத்துக்கொண்டால் சிகிச்சையே தவறக்கூடும். குழந்தையின் முழங்கை எக்ஸ்ரேயில் எலும்புகளுக்கு நடுவே தெரியும் கோடு, இன்னும் எலும்பாகாத குருத்தெலும்பாக இருக்கலாம்; பழகாத கண் அதை முறிவென்று நினைக்கும். பிறவியிலேயே இரண்டாக அமைந்த முழங்கால் சில்லும் அப்படி ஏமாற்றும். அதனால்தான் சந்தேகம் வந்தால் மறுபக்கத்தையும் படமெடுத்து ஒப்பிடுகிறார்கள். வயதை மதிப்பிடும் தடயவியல் மருத்துவரும் மொத்த எண்ணிக்கையை நம்புவதில்லை. எந்த முனை ஒட்டிவிட்டது, எது ஒட்டவில்லை என்றே பார்க்கிறார்.

ஆகவே மாணவர்கள் எண்ணில் தொடங்காமல் மூட்டில் தொடங்கட்டும். தோள் ஏன் எல்லாப் பக்கமும் சுழல்கிறது, முழங்கை ஏன் மடங்கி நீள்கிறது என்று தொட்டு அசைத்துப் பார்த்தால், அங்கே கூடும் எலும்புகளின் பெயர்கள் தாமாக மனத்தில் தங்கும். தேர்வில் கேட்டால் 206 என்றே எழுதுங்கள், மதிப்பெண் போகாது.