மலைப்பூண்டு: புவிசார் குறியீட்டைப் புதுப்பித்தலும் உரிமை மாற்றமும்

கொடைக்கானல் மேல்மலையில் மன்னவனூர், பூம்பாறை, கவுஞ்சி, கிளாவரை முதலிய ஊர்களில் பயிராகும் மலைப்பூண்டுக்கு 2019ஆம் ஆண்டில் புவிசார் குறியீடு கிடைத்தது. அன்னை தெரசா மகளிர் பல்கலைக்கழகத்தின் முயற்சியால் 2018இல் இதற்கு விண்ணப்பம் செய்யப்பட்டிருந்தது. விருப்பாட்சி மலை வாழைக்கு இதற்கு முன்பே, 2008-09ஆம் ஆண்டில், இத்தகைய பதிவு கிடைத்துவிட்டது. இச்செய்தியை அறியாத விவசாயி மலையில் இல்லை எனலாம். ஆனால் அப்பதிவு எத்தனை ஆண்டுக்குச் செல்லும், ஒருவர் பெற்ற உரிமை இன்னொருவருக்குச் செல்லுமா என்பவை அதிகம் பேசப்படுவதில்லை. சச்சரவுகள் முளைப்பது இங்கேதான்.

உரிமை யாருக்கு?

குறியீடு பதிவானதாலேயே மலையில் பூண்டு போடும் எல்லோருக்கும் உரிமை வந்துவிட்டதாகப் பலர் நினைக்கின்றனர். அது சரியன்று. புவிசார் குறியீட்டுச் சட்டம் 1999இல் இயற்றப்பட்டு, 15-9-2003 முதல் நடைமுறையில் உள்ளது. இதன்படி ஒவ்வொருவரும் தம் பெயரை 'அங்கீகரிக்கப்பட்ட பயனாளர்' எனத் தனியே பதிவு செய்துகொள்ள வேண்டும். போலிச் சரக்கைத் தடுக்க வழக்குத் தொடரும் உரிமையும் அப்போதுதான் கிடைக்கும். இதற்கான விண்ணப்பக் கட்டணம் முன்பு 500 ரூபாயாக இருந்தது. 2020இல் விதிகளைத் திருத்தி 10 ரூபாயாகக் குறைத்தனர். ஒரு பிடி விதைப்பூண்டின் விலைகூட இல்லை. நிலம் சொந்தமாக இருந்தாலும் குத்தகையாக இருந்தாலும் பூண்டை விளைவிப்பவரே உற்பத்தியாளர் ஆவார்.

பத்தாண்டுக் கணக்கு

பதிவின் ஆயுள் 10 ஆண்டு. இதில் விவசாயிகள் கவனிக்க வேண்டிய நுட்பம் ஒன்று உள்ளது. விண்ணப்பம் அளித்த நாளே பதிவு நாளாகச் சட்டத்தில் கருதப்படும். ஆகவே மலைப்பூண்டுக்குக் கணக்கு 2019இலிருந்து அல்ல, 2018இலிருந்தே தொடங்குகிறது. கெடு 2028இல் வருகிறது.

பயனாளருக்கும் 10 ஆண்டுதான். ஆயினும் குறியீட்டின் காலம் அதற்கு முன் முடிந்தால் அவருடைய உரிமையும் அத்துடன் முடியும். 2025இல் பதிவு செய்தவர் 2035 வரை கவலையில்லை என்றிருக்கக் கூடாது. மூலப்பதிவு 2028இல் புதுப்பிக்கப்படாவிட்டால் அவர் கையிலுள்ள சான்று வெறும் காகிதம்தான். புதுப்பிக்கும் விண்ணப்பத்தைப் பதிவு உரிமையாளர் அளிக்கலாம், பயனாளரும் அளிக்கலாம். 'அவர்கள் பார்த்துக்கொள்வார்கள்' என்று ஊரே காத்திருக்கத் தேவையில்லை என்பது என் கருத்து. கெடு தவறினாலும் 6 மாதத்துக்குள் கூடுதல் கட்டணத்துடன் புதுப்பிக்கலாம். அதுவும் தவறிப் பெயர் நீக்கப்பட்டால், கெடு முடிந்த நாளிலிருந்து ஓராண்டுக்குள் மீட்டுத் தரக் கேட்கலாம். ஆனால் அப்போது தருவதா இல்லையா என்பது பதிவாளரின் முடிவைப் பொறுத்தது.

விற்கவும் முடியாது, அடகு வைக்கவும் முடியாது

சட்டத்தின் 24ஆம் பிரிவு இதைத் திட்டவட்டமாகச் சொல்கிறது. இக்குறியீட்டின் மீதுள்ள உரிமையை எவருக்கும் எழுதிக் கொடுக்கவோ, அடகு வைக்கவோ, உரிமமாக விடவோ இயலாது. தோட்டத்தை விற்றால் மண் போகும், பெயர் போகாது. வாங்கியவர் பூண்டு பயிரிட்டுத் தாமே பதிவு செய்துகொள்ள வேண்டும்.

வடுகபட்டிச் சந்தையில் வாங்கும் வியாபாரி ஒருவர், "உங்கள் சான்றை என் பெயருக்கு எழுதித் தாருங்கள், மூட்டைக்கு இவ்வளவு தருகிறேன்" என்கிறார் என்று வைத்துக்கொள்வோம். அப்படி எழுதிய பத்திரம் செல்லாது. பணம் வாங்கியவர் பின்னால் வம்பில் மாட்டுவார். உண்மையில் வியாபாரிக்கு அந்தப் பத்திரம் தேவையுமில்லை. பதிவு பெற்றவரிடம் முறையாக வாங்கிய மலைப்பூண்டைத் தரம் கெடாமல் அதே பெயரில் அவர் விற்கலாம். அச்சரக்கைக் கையாள்பவர் என்ற முறையில் அவரே பதிவுக்கும் விண்ணப்பிக்கலாம். சமவெளிப் பூண்டை அதில் கலந்தால்தான் குற்றம். கலப்படம் செய்பவருக்கே பிறர் சான்றின் மீது ஆசை வரும் என்பதை நினைவில் வைக்க வேண்டும்.

இத்தடைக்கு விலக்கு ஒன்றே. பயனாளர் இறந்தால் அவர் உரிமை சட்டப்படியான வாரிசுக்குச் செல்லும். பதிவேட்டில் தந்தை பெயரே நீடிக்க, மூன்று மக்களில் ஒருவர் மட்டும் அப்பெயரில் பூண்டு அனுப்பிவந்தால் மற்ற இருவருக்கும் மனத்தாங்கல் வருவது இயல்பு. இதைத் தவிர்க்க, இறப்புச் சான்று, வாரிசுச் சான்று ஆகியவற்றைத் தாமதமின்றிப் பெற்றுச் சென்னை கிண்டியிலுள்ள புவிசார் குறியீட்டுப் பதிவகத்துக்கு எழுத வேண்டும். தனித்தனியே பயிரிடும் பிள்ளைகள் ஆளுக்கொரு பதிவு செய்துகொள்வது இன்னும் நல்லது. பயனாளர்கள் எத்தனை பேராயினும் அனைவருக்கும் உரிமை சமமே. ஒருவர் பதிவு மற்றவர் பதிவைக் குறைக்காது.

பதிவாளரின் முடிவில் குறை இருந்தால் 3 மாதத்துக்குள் மேல்முறையீடு செய்யலாம். இதற்கென இருந்த மேல்முறையீட்டு வாரியம் 2021இல் கலைக்கப்பட்டது. இப்போது உயர் நீதிமன்றத்தையே அணுக வேண்டும். மனுவின் நகல், அஞ்சல் ரசீது, எந்தப் போகத்தில் எத்தனை கிலோ யாருக்கு விற்றது என்ற குறிப்பு ஆகியவற்றை, பரணில் அல்ல, புகை படாத இடத்தில் வைத்திருங்கள்.