கிராண்ட் யார் பேரில்?

"அடகு வைத்த நிலத்தை எத்தனை வருஷம் கழித்தும் மீட்டுக்கலாம்னு எங்க தாத்தா சொல்வாரு." ஈப்போவில் வக்கீல் அலுவலகம் ஒன்றில் கிராணியாக இருந்த காலத்தில் என் மேசைக்கு முன்னால் உட்கார்ந்தவர்களில் பாதிப் பேர் இப்படித்தான் பேச்சைத் தொடங்குவார்கள். தாத்தா சொன்னதில் பொய்யில்லை. ஆனால் அது அவர் கப்பல் ஏறிய ஊரின் நியாயம். பேராக்கில் அது செல்லாது.

அங்கே, இந்தியாவில், 1908ஆம் ஆண்டுச் சட்டம் அடகு நிலத்தை மீட்க 60 வருஷம் கொடுத்திருந்தது. 1963ஆம் ஆண்டுக் காலவரையறைச் சட்டம் அதை 30 வருஷமாக்கியது. கடன் கொடுத்தவரே நிலத்தில் பயிரிட்டுப் பலனை எடுத்துக்கொள்ளும் போக்கியத்துக்கு அந்த 30 வருஷம்கூட அடகு வைத்த நாளிலிருந்து ஓடாது, கடன் தீர்ந்த பிறகுதான் கணக்கு என்று இந்திய உச்ச நீதிமன்றம் 2014இல் சிங் ராம் வழக்கில் சொல்லிவிட்டது. ஊரில் தாத்தாவின் பேரில் போக்கிய நிலம் ஏதாவது இருந்தால் இந்தப் பத்தி உங்களுக்கு உதவும். சார்பதிவாளர் அலுவலகத்தில் வில்லங்கச் சான்று வாங்கிப் பாருங்கள்.

சுங்கை சிப்புட்டிலோ தெலுக் இந்தானிலோ இருக்கும் ரப்பர் நிலம் என்றால் 1965ஆம் ஆண்டு தேசிய நிலச் சட்டம்தான் பேசும். அதன் சாரம் ஒன்றுதான்: பதிவேட்டில் யார் பெயரோ அவருக்கே நிலம். அதனால் வருகிறவர்களிடம் நான் கேட்கும் முதல் கேள்வி "எப்போது அடகு வைத்தீர்கள்?" என்பதல்ல. "எந்தப் பாரத்தில் கையெழுத்துப் போட்டீர்கள்?" என்பதுதான்.

16ஏ பாரம் என்றால் அது முறையான அடமானம். கிராண்ட், அதாவது நில உரிமைப் பத்திரம், உங்கள் பேரிலேயே இருக்கும், கடன் கொடுத்தவரின் பாத்தியதை அதன்மேல் ஒரு பதிவாக நிற்கும். சொந்தக்காரர் நீங்களே என்பதால் மீட்பதற்கென்று தனிக் கெடு இல்லை. ஏலம் முடிவதற்குள் எப்போது வேண்டுமானாலும் பாக்கியைக் கட்டலாம் என்கிறது 266ஆம் பிரிவு. கெடுவெல்லாம் கடன் கொடுத்தவருக்குத்தான்: அடமானக் கடனின் அசலுக்கு வழக்குப் போட 12 வருஷம். கடன் கொடுத்தவர் நிலத்தில் குடிசை போட்டு இருபது முப்பது வருஷம் பால் வெட்டியிருந்தாலும் அந்த அனுபவத்தைக் காட்டி நிலம் தனது என்று சொல்ல முடியாது. 341ஆம் பிரிவு அந்த வாசலை அடைத்து வைத்திருக்கிறது.

14ஏ என்றால் கதை வேறு. அது கைமாற்றுப் பத்திரம். நம்மவர்களில் ஏமாந்தவர்கள் பெரும்பாலும் இதில்தான் ஏமாந்தார்கள். 1950களிலும் 60களிலும் வெள்ளைக்காரக் கம்பெனிகள் தோட்டங்களை விற்றுவிட்டுப் போனபோது துண்டாடல் நடந்தது. வேலையும் லயத்து வீடும் போய்விடும் என்று பயந்த நேரம் அது. சுங்கை சிப்புட்காரரான துன் வீ. தி. சம்பந்தன் 1960இல் தேசிய நிலநிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கி, மாதம் பத்து பத்து வெள்ளியாகப் பங்குப்பணம் சேர்த்துத் தோட்டங்களை வாங்க வைத்தது இந்தப் பயத்திலிருந்துதான். சங்கத்தில் சேராமல் சொந்தமாகவே இரண்டு ஏக்கர், மூன்று ஏக்கர் என்று வாங்கியவர்களும் உண்டு. பிறகு ரப்பர் விலை விழுந்தபோதோ மகள் கல்யாணத்துக்கோ பணம் தேவைப்பட்டது. சின்னத் துண்டு நிலத்துக்கு பேங்க் முகம் கொடுக்கவில்லை. கடைத்தெருத் தவுக்கே, அதாவது கடை முதலாளி, கொடுத்தார், கிராண்டைத் தன் பேருக்கு மாற்றச் சொல்லி. "பணத்தைக் கொடுத்தால் திருப்பி எழுதித் தருகிறேன்" என்பது தனிச்சீட்டு, சில வீடுகளில் வெறும் வாய்ச்சொல். மலாய்க்காரர்கள் இதை ஜுவால் ஜாஞ்சி என்பார்கள்.

இந்த ஏற்பாட்டில் அடமானத்துக்குரிய மீட்புரிமை கிடையாது என்று லண்டன் பிரிவி கவுன்சில் 1917லேயே தீர்ப்புச் சொல்லியிருக்கிறது. ஹாஜி அப்துல் ரஹ்மான் எதிர் முகமது ஹசான் என்பது அந்த வழக்கு, சிலாங்கூர் நிலம் பற்றியது. திருப்பி எழுதித் தருகிறேன் என்ற சீட்டு வெறும் ஒப்பந்தம்தான், அதை நிறைவேற்றக் கேட்கும் காலமும் கடந்துவிட்டது என்றார்கள். இங்கிலாந்தின் நியாயக் கோட்பாடுகளை இந்த மண்ணின் நிலச் சட்டத்துக்குள் கொண்டுவந்ததற்காகக் கீழ்க்கோர்ட் நீதிபதிகளுக்கு, தீர்ப்பெழுதிய டன்டின் பிரபுவிடம் குட்டும் கிடைத்தது. இன்றைய 1953ஆம் ஆண்டுக் காலவரையறைச் சட்டப்படி ஒப்பந்த வழக்குக்குப் பொதுக் கெடு ஆறு வருஷம். முப்பது வருஷம் எங்கே, ஆறு வருஷம் எங்கே! அந்த ஆறும் ஒப்பந்தம் முறிந்த நாளிலிருந்து எண்ணப்படும் என்பதால், தவுக்கே "தர முடியாது" என்று சொன்ன தேதி தங்கம் போன்றது. அது எழுத்தில் இருந்தால் இன்னும் நல்லது.

பின்னால் வந்த நீதிபதிகள் பலர் காகிதத்தோடு நிற்காமல் இரு தரப்பின் உள்நோக்கத்தையும் பார்த்தார்கள். மோசடி என்று நிரூபித்தால் பதிவான பெயரையும் அசைக்கலாம், 340ஆம் பிரிவு இடம் தருகிறது. 1980களில் தாரா ராஜரத்தினம் என்ற பெண்மணி ஜெயித்தது அப்படித்தான். கடனுக்காகக் கைமாற்றிக் கொடுத்த நிலம் சொன்ன வாக்குக்கு மாறாகப் பலர் கைக்குப் போய்விட்டது. கடைசியில் அவருக்குக் கிடைத்தது நஷ்ட ஈடு. நிலம் மூன்றாம் ஆளிடம் போவதற்கு முன்னே கவியாட் (பதிவேட்டில் கைமாற்றத் தடை) போட்டுவிட வேண்டும் என்று நான் ஓயாமல் சொல்வது இதனால்தான்.

எதிர்மாறான கதையும் உண்டு. ஒரு குடும்பம் தங்கள் நிலம் செட்டியாரிடம் போய்விட்டது என்றே இரண்டு தலைமுறையாக நம்பிக்கொண்டிருந்தது. பதிவேட்டில் சர்ச் எடுத்தால் கிராண்ட் தாத்தாவின் பேரிலேயே இருக்கிறது! யுத்தத்துக்கு முந்தைய அடமானப் பதிவு ஒன்று, செட்டியார்களின் வட்டிக்கடையான ஏதோ ஒரு கிட்டங்கியின் விலாசத்தில், அப்படியே கிடந்தது. கிட்டங்கியை மூடிவிட்டு அவர்கள் எப்போதோ ஊர் திரும்பியிருந்தார்கள். இப்படிக் கடன் கொடுத்தவரைக் கண்டுபிடிக்க முடியாதபோது நிலப் பதிவாளரிடமே பணத்தைக் கட்டி அடமானத்தை நீக்கக் கேட்கலாம், 279ஆம் பிரிவு அதற்கு உண்டு. அந்த வீட்டார் இழுபட்டது அதற்காக அல்ல. கிராண்டில் தாத்தா பெயர் ஒரு விதமாகவும் ஐசியில் வேறு விதமாகவும் எழுதப்பட்டிருந்தது, வாரிசுப் பங்கீடும் நடக்கவே இல்லை. அலைச்சல் எல்லாம் அதில்தான்.

சர்ச் எடுக்கும்போது மாவட்டத்தையும் சரியாகப் பாருங்கள். சுங்கை சிப்புட் நிலம் கோலகங்சார் மாவட்டத்தைச் சேர்ந்தது, கிந்தா மாவட்டத்தில் தேடினால் கிடைக்காது. நிலவரியைப் பாக்கி வைக்காதீர்கள். 6ஏ நோட்டீஸ் வந்து மூன்று மாதத்துக்குள் கட்டாவிட்டால் நிலத்தை மாநில அரசே பறிமுதல் செய்யலாம், அப்போது அடமானம் பற்றிய பேச்சுக்கே இடமில்லை.

வக்கீலைப் பார்க்கப் போகுமுன் முக்கிம் பெயர், லாட் எண், கிராண்ட் எண் மூன்றையும் வீட்டுப் பெரியவர்களிடம் கேட்டு எழுதிக்கொண்டு, சர்ச் நகலோடு போங்கள். தனிச்சீட்டு எவ்வளவு கிழிந்திருந்தாலும் தூக்கிப் போடாதீர்கள், அதிலுள்ள தேதியை வைத்துத்தான் வக்கீல் கணக்குப் போடுவார்.